நடு இரவில் ஊதும் சங்கு
மறதி நோயும் தூக்கமும்

கோலார் தங்கவயலில் ஒரு காலத்தில் சங்குதான் கடிகாரம். சங்கு ஊதினால் ஷிப்டு தொடங்கும். மறுபடி ஊதினால் ஷிப்டு முடியும். சங்கு ஊதும்போது அடுப்பு பற்றவைப்பார்கள். சங்கு ஊதும்போது பிள்ளைகளை எழுப்புவார்கள். ஊரே அந்தச் சத்தத்துக்கு எழுந்தது. அந்தச் சத்தத்துக்குத் தூங்கியது.

1880-இல் ஜான் டெய்லர் கம்பெனி இங்கே தங்கம் தோண்டும் வேலையைத் தொடங்கியது. வட ஆற்காடு, சேலம், தர்மபுரிப் பக்கத்திலிருந்து தமிழ் மக்கள் ஆயிரக்கணக்கில் வந்தார்கள். உரிகம், சாம்பியன் ரீஃப், மாரிக்குப்பம் என்று லைன் வீடுகள் எழுந்தன. சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் அதிக ஆழம் போனது. பகல் ஷிப்டுக்குப் போனவருக்கு அங்கே வெயில் இல்லை. இரவு ஷிப்டுக்குப் போனவருக்கு நிலா இல்லை. தலையில் மாட்டிய விளக்குதான் வெளிச்சம்.

2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கம் மூடப்பட்டது. சங்கும் நின்றது.

ஆனால் சில வீடுகளில் அந்தச் சங்கு இன்னும் ஊதுகிறது. நடு இரவில் ஊதுகிறது. வீட்டில் ஒருவருக்கு மட்டுமே அது கேட்கிறது.

அது ஏன்? அப்போது நாம் என்ன செய்ய வேண்டும்? இந்தப் பாடத்தில் அதைத் தெரிந்துகொள்வோம்.

ஒரு லைன் வீட்டில்

ஒரு லைன் வீட்டை நினைத்துப் பாருங்கள். அங்கே ஒரு தாத்தா. வயது 78. முப்பது வருடத்துக்கு மேல் சுரங்கத்தில் வேலை செய்தவர். அவருடைய மகன் தினமும் விடியற்காலை ரயிலில் பெங்களூருக்கு வேலைக்குப் போகிறான். இரவுதான் திரும்புகிறான். மருமகள் வீட்டைப் பார்த்துக்கொள்கிறாள். பேத்தி பள்ளிக்கூடம் போகிறாள். மருமகள் சிறு வயதில் பள்ளிக்கூடம் போனதில்லை. மாலை வகுப்பில்தான் எழுதப் படிக்கக் கற்றாள்.

இரண்டு வருடமாகத் தாத்தாவுக்கு மறதி. முதலில் சாவியை மறந்தார். பிறகு சாப்பிட்டதை மறந்தார். இப்போது சில நாள் மகனையே யார் என்று கேட்கிறார்.

கொஞ்ச நாளாக இன்னொரு தொல்லை. இரவு 1 மணிக்கு, 2 மணிக்கு எழுந்துவிடுகிறார். பெட்டியைத் திறக்கிறார். துணிகளை எடுத்து வெளியே போடுகிறார்.

“சங்கு ஊதிடுச்சி. ஷிப்டுக்கு நேரமாச்சி. என் தொப்பி எங்கே?” என்று கேட்கிறார்.

“சுரங்கம் மூடி எத்தனை வருஷம் ஆச்சி நைனா! பேசாமப் படுங்க!” என்று மகன் கத்துகிறான்.

தாத்தாவுக்குக் கோபம் வருகிறது. “என்னைத் தடுக்க நீ யாருடா?” என்று கதவை இழுக்கிறார். பேத்தி பயந்து அழுகிறாள். பக்கத்து வீட்டில் விளக்கு எரிகிறது.

காலையில் ஆளுக்கு ஒரு பேச்சு. “வயசானா அப்படித்தான்” என்றார் ஒருவர். “காத்துக் கருப்பு பட்டிருக்கும், மந்திரிக்கணும்” என்றார் இன்னொருவர். “வேணும்னே பிடிவாதம் பண்றார்” என்றார் மூன்றாமவர். “கடையில தூக்க மாத்திரை வாங்கிக் கொடு” என்றார் நான்காமவர்.

நான்கு பேச்சுமே தவறு. எது சரி என்று பார்ப்போம்.

மறதி நோய் என்பது என்ன?

வயதானால் கொஞ்சம் மறதி வரும். மூக்குக் கண்ணாடியை எங்கே வைத்தோம் என்று தேடுவோம். பிறகு நினைவு வரும். அது சாதாரண மறதி.

மூக்குக் கண்ணாடி எதற்கு என்பதே மறந்துபோனால் அது வேறு. பழகிய தெருவில் வழி தெரியாமல் நின்றால் அது வேறு. நாள், மாதம், பகல், இரவு எல்லாம் குழம்பினால் அது வேறு. இதை மறதி நோய் என்கிறோம். டாக்டர்கள் டிமென்ஷியா என்கிறார்கள். மூளையில் உள்ள நரம்பு அணுக்கள் கொஞ்சம் கொஞ்சமாக அழிவதால் இது வருகிறது.

இதில் பல வகை உண்டு. அதிகம் பேருக்கு வருவது அல்சைமர் நோய். ஜெர்மனி நாட்டு டாக்டர் அலாய்ஸ் அல்சைமர் 1906-இல் இதைப் பற்றி முதலில் எடுத்துச் சொன்னார். அதனால் அவர் பெயரே நோய்க்கு வந்தது. பக்கவாதம், ரத்தக் குழாய் அடைப்பு போன்றவற்றாலும் மறதி நோய் வரும்.

இந்த நோய் நம் நாட்டில் எத்தனை பேருக்கு இருக்கிறது? 2023-இல் ஓர் ஆய்வு வெளிவந்தது. 60 வயதைத் தாண்டியவர்களில் 100 பேருக்கு 7 பேருக்கு மேல் மறதி நோய் உண்டு என்று அது சொன்னது. மொத்தம் சுமார் 88 லட்சம் பேர். அதனால் இது ஏதோ ஒரு வீட்டுப் பிரச்சினை இல்லை. வெட்கப்பட வேண்டியதும் இல்லை.

நம் கோலார் மாவட்டத்திலேயே இதைப் பற்றி ஆராய்ச்சி நடக்கிறது. ஸ்ரீனிவாசபுரம் தாலுகாவை மாம்பழத்துக்காக எல்லோருக்கும் தெரியும். பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் உள்ள மூளை ஆராய்ச்சி மையம் அங்கேதான் வேலை செய்கிறது. 2018 முதல் அங்குள்ள கிராம மக்களைச் சோதித்து வருகிறது. 45 வயதைத் தாண்டியவர்கள் அதில் சேர்ந்திருக்கிறார்கள். வயதாக ஆக மூளை எப்படி மாறுகிறது என்று பல வருடம் தொடர்ந்து பார்ப்பதுதான் அந்த ஆராய்ச்சி.

மூளைக்குள் ஒரு கடிகாரம்

சங்கு நின்ற பிறகும் நமக்குப் பசி நேரத்துக்கு வருகிறது. இரவானால் கண் சொக்குகிறது. சேவல் கூவும் முன்பே சிலர் எழுந்துவிடுகிறார்கள். இது எப்படி?

நம் மூளைக்குள் ஒரு கடிகாரம் இருக்கிறது. அது ஓர் அரிசியை விடச் சிறியது. கண்ணிலிருந்து மூளைக்குப் போகும் நரம்புகள் சேரும் இடத்துக்கு மேலே உள்ளது. சுமார் 20,000 நரம்பு அணுக்கள் அதில் இருக்கின்றன. “இது பகல், விழித்திரு. இது இரவு, தூங்கு” என்று உடம்பு முழுவதுக்கும் அதுதான் சொல்கிறது.

கைக்கடிகாரம் தாமதமானால் திருகிச் சரி செய்வோம். மூளையின் கடிகாரத்தை யார் சரி செய்வது? சூரியன்தான். காலை வெளிச்சம் கண்ணில் படும்போது கடிகாரம் சரியாகிறது. தினமும் இது நடக்கிறது. உடம்புக்குள் இருக்கும் இப்படிப்பட்ட கடிகாரம் எப்படி வேலை செய்கிறது என்று கண்டுபிடித்த 3 அமெரிக்க விஞ்ஞானிகளுக்கு 2017-இல் நோபல் பரிசு கொடுத்தார்கள்.

மறதி நோய் வந்தால் இந்தக் கடிகாரத்தின் அணுக்களும் பழுதாகின்றன. போதாததற்கு வயதானவர் வீட்டுக்குள்ளேயே இருக்கிறார். லைன் வீடு சிறியது. ஜன்னலும் சிறியது. வெயில் உள்ளே வருவதில்லை. கண்ணில் புரை இருந்தால் வருகிற வெளிச்சமும் பாதிதான். கடிகாரம் பழுது. அதைச் சரி செய்யும் வெளிச்சமும் இல்லை. அப்போது பகலும் இரவும் கலந்துபோகின்றன.

அதனால் என்ன மாறுகிறது?

பகலில் தூங்கித் தூங்கி விழுவார்.
இரவில் அடிக்கடி எழுவார்.
ஆழ்ந்த தூக்கம் குறையும். சின்னச் சத்தத்துக்கும் விழிப்பார்.
பொழுது சாயும்போது பதற்றம் வரும். “வீட்டுக்குப் போகணும்” என்று வீட்டிலிருந்தே சொல்வார்.
இரவில் எழுந்து நடப்பார். வெளியே போகப் பார்ப்பார்.

விழித்ததும் அவருக்கு எது நினைவு வருகிறது? நேற்று நடந்தது மறந்துவிட்டது. முப்பது வருடம் செய்த வேலை மறக்கவில்லை. பழைய நினைவு கடைசியில்தான் அழியும். அதனால்தான் சங்கு கேட்கிறது. தொப்பியைத் தேடுகிறார். வாழ்நாள் முழுவதும் சமைத்த பாட்டி என்றால் இருட்டில் அடுப்பைத் தேடுவார். ஆடு மாடு வளர்த்தவர் தொழுவத்தைத் தேடுவார்.

சுரங்க வேலையால்தான் மறதி நோய் வந்தது என்று எண்ண வேண்டாம். சுரங்கத்தைப் பார்க்காதவருக்கும் இது வருகிறது.

இதில் பேயும் இல்லை. பிடிவாதமும் இல்லை. பழுதான கடிகாரம் தப்பான நேரத்தில் சங்கு ஊதுகிறது. அவ்வளவுதான்.

மருமகளின் நோட்டு

ஆஷா அக்கா அந்த வீட்டுக்கு வந்தார். எல்லாவற்றையும் கேட்டார்.

“டாக்டரம்மாவைப் பார்ப்போம். ஆனா அதுக்கு முன்னால ஒரு வேலை செய்” என்றார் மருமகளிடம். “ஒரு நோட்டுல எழுதி வை. மாமா எப்போ தூங்குறார், எப்போ எழுந்திருக்கிறார், என்ன சாப்பிடுறார். ஒரு வாரம் எழுது.”

“எனக்குச் சரியா எழுத வராதேக்கா.”

“கதையா எழுதப் போற? நேரம், ஒரு வார்த்தை. அவ்வளவுதான்.”

மருமகள் எழுதினாள். அவள் எழுதியது இதுதான்:

திங்கள். காலை 11 முதல் 4 வரை தூக்கம். மாலை 6 டீ. இரவு 9 மாத்திரை. 1 மணிக்கு எழுந்தார். சிறுநீர் 4 தடவை.
செவ்வாய். காலை 10 முதல் 3 வரை தூக்கம். மாலை 6 டீ. இரவு 8 மறுபடி டீ. இரவு 9 மாத்திரை. 2 மணிக்கு எழுந்தார். சிறுநீர் 5 தடவை.
புதன். பேத்தியோடு வெளியே உட்கார்ந்தார். பகலில் 1 மணி நேரம் தூக்கம். இரவு 4 மணி வரை எழவில்லை.

டாக்டரம்மா நோட்டைப் படித்தார். “ரொம்ப நல்லா எழுதியிருக்கேம்மா” என்றார். “பாதி பதில் இதுலயே இருக்கு. பகல்ல 5 மணி நேரம் தூங்கினா ராத்திரி எப்படித் தூக்கம் வரும்? பொழுது சாஞ்ச பிறகு டீ குடிக்கிறார். அது தூக்கத்தை விரட்டும். ராத்திரி 9 மணிக்குக் கொடுக்கிற மாத்திரை எது?”

மருமகள் மாத்திரை அட்டையைக் காட்டினாள். அது ரத்த அழுத்தத்துக்குக் கொடுத்தது. சிறுநீரை அதிகமாகப் போக வைக்கும் மாத்திரை. டாக்டரம்மா அதைக் காலை நேரத்துக்கு மாற்றி எழுதிக் கொடுத்தார்.

“நீயா எந்த மாத்திரையையும் மாத்தாதே. நிறுத்தாதே. என்னைக் கேட்டுச் செய்” என்றும் சொன்னார்.

“புதன்கிழமை மட்டும் நல்லாத் தூங்கினார், பாருங்க” என்றாள் மருமகள்.

“ஆமாம்மா. அன்னிக்கு வெளிச்சத்துல உட்கார்ந்திருக்கார். பகல் நல்லா இருந்தாத்தான் ராத்திரி நல்லா இருக்கும்.”

பகலில் செய்ய வேண்டியவை

காலையில் வெளிச்சம்: தினமும் ஒரே நேரத்தில் எழுப்புங்கள். வாசலில் நாற்காலி போடுங்கள். அரை மணி நேரமாவது வெளிச்சத்தில் உட்காரட்டும். முடிந்தால் தெருக்கோடி வரை நடக்கட்டும். கொளுத்தும் வெயில் வேண்டாம். காலை வெளிச்சம் போதும்.

வெளிச்சத்துக்கு அவ்வளவு பலன் உண்டா? நெதர்லாந்து நாட்டில் முதியோர் இல்லங்கள் 12-இல் சோதித்துப் பார்த்தார்கள். 189 முதியவர்கள் அதில் இருந்தார்கள். அவர்களில் பெரும்பாலோருக்கு மறதி நோய். சில இல்லங்களில் பகல் முழுவதும் அதிக வெளிச்சம் வைத்தார்கள். அங்கே இருந்தவர்களுக்கு மனச்சோர்வு குறைந்தது. மறதி மோசமாவதும் கொஞ்சம் குறைந்தது. 2008-இல் இது வெளிவந்தது. அவர்கள் விளக்குப் போட்டுச் செய்தார்கள். நமக்கு வாசலிலேயே வெயில் இருக்கிறது.

கைக்கு வேலை: சும்மா இருந்தால் தூக்கம் வரும். அவரால் முடிந்த வேலையைக் கொடுங்கள். அவரைக்காய் உரிக்கலாம். துணி மடிக்கலாம். செடிக்குத் தண்ணீர் ஊற்றலாம். வேலை சரியாக வராவிட்டாலும் பரவாயில்லை. குறை சொல்ல வேண்டாம்.

பகல் தூக்கம்: மதியம் சாப்பிட்ட பிறகு அரை மணி நேரம் போதும். 3 மணிக்கு மேல் தூங்க விடாதீர்கள். அதட்டி எழுப்ப வேண்டாம். பேச்சுக் கொடுங்கள். வெளியே அழைத்துப் போங்கள்.

டீ, காபி: மதியத்துக்குப் பிறகு வேண்டாம். மாலையில் கேட்டால் பால் அல்லது கேழ்வரகுக் கஞ்சி கொடுங்கள். பீடியும் சாராயமும் தூக்கத்தைக் கெடுக்கும். சாராயம் குடித்தால் நன்றாகத் தூக்கம் வரும் என்பது பொய். முதலில் கண் அயரும். நடு இரவில் விழிப்பு வரும். மறதியும் கூடும்.

சாப்பாடும் தண்ணீரும்: இரவுச் சாப்பாட்டை 7 மணிக்குள் முடியுங்கள். தண்ணீரைப் பகலில் நிறையக் கொடுங்கள். இரவில் குறையுங்கள். அடியோடு நிறுத்த வேண்டாம்.

மாலையில்: பொழுது சாயும் முன்பே விளக்கைப் போடுங்கள். அரை இருட்டில் கயிறு பாம்பாகத் தெரியும். நிழல் ஆளாகத் தெரியும். டி.வி.யின் சத்தத்தைக் குறையுங்கள். அடிதடிக் காட்சிகள் வேண்டாம். பழைய பாட்டு கேட்கட்டும்.

இரவில் எழுந்துவிட்டால்?

வாதம் செய்யாதீர்கள். “சுரங்கம் மூடியாச்சு” என்று நூறு தடவை சொன்னாலும் அவர் மனதில் நிற்காது. கோபம் மட்டும் நிற்கும்.

மருமகள் இப்போது என்ன செய்கிறாள் என்று பாருங்கள்.

“சங்கு ஊதிடுச்சி. என் தொப்பி எங்கே?”

“அப்படியா மாமா? நல்லாக் குளிருது. முதல்ல போர்வையைப் போர்த்திக்கோங்க. கொஞ்சம் தண்ணி குடிங்க. பாத்ரூம் போகணுமா?”

தாத்தா போய்விட்டு வருகிறார்.

“உங்க கூட வேலை செஞ்சவங்க எல்லாம் நல்ல ஆளுங்களா மாமா?”

தாத்தா பேசத் தொடங்குகிறார். கூண்டில் இறங்கியதைச் சொல்கிறார். பாறை வெடித்த நாளைச் சொல்கிறார். கால் மணி நேரத்தில் குரல் தணிகிறது. “இன்னும் விடியலை மாமா. கொஞ்சம் படுங்க” என்கிறாள். படுத்துக்கொள்கிறார்.

இதில் 4 பாடம் இருக்கிறது. மெதுவாகப் பேசினாள். அவரை மறுக்கவில்லை. பசியா, தாகமா, குளிரா, சிறுநீரா என்று பார்த்தாள். பிறகு படுக்கைக்கு அழைத்தாள்.

அறையில் பெரிய விளக்கைப் போட வேண்டாம். சின்ன விளக்கு போதும்.

எப்போதும் அவர் உடனே படுக்க மாட்டார். சில இரவு ஒரு மணி நேரம் நடப்பார். நடக்கட்டும். கீழே விழாமல் பார்த்துக்கொண்டால் போதும்.

ஆபத்தைத் தடுப்போம்

இரவு முழுவதும் சின்ன விளக்கு எரியட்டும். படுக்கையிலிருந்து கழிப்பறை வரை வழி தெரிய வேண்டும்.
நடக்கும் வழியில் குடம், ஸ்டூல், மிதியடி எதுவும் வேண்டாம்.
கழிப்பறை வெளியே இருந்தால், படுக்கைக்குப் பக்கத்தில் வாளியோ சேரோ வையுங்கள்.
கேஸ் சிலிண்டரை மூடிவிட்டுப் படுங்கள். கத்தி, மருந்து, மண்ணெண்ணெயை எட்டாத இடத்தில் வையுங்கள்.
கதவில் ஒரு சின்ன மணியைக் கட்டுங்கள். திறந்தால் சத்தம் கேட்கும்.
அவரைத் தனியாக உள்ளே வைத்துப் பூட்டிவிட்டுப் போகாதீர்கள். தீப்பிடித்தால் தப்ப முடியாது. கட்டிலோடு கட்டிப் போடுவது கொடுமை. அதனால் காயமும் வரும்.
சட்டைப் பையில் பெயர், விலாசம், போன் நம்பர் எழுதிய சீட்டு வையுங்கள்.
அக்கம் பக்கத்தில் சொல்லி வையுங்கள். நம் ஊரில் ரயில் தண்டவாளம் இருக்கிறது. மூடிக் கிடக்கும் சுரங்கக் குழிகள் இருக்கின்றன. “எங்க மாமா ராத்திரி தனியா நடந்தா, கையைப் பிடிச்சிக் கூட்டி வாங்க” என்று சொல்வதில் வெட்கம் இல்லை.
காணாமல் போனால் காத்திருக்க வேண்டாம். உடனே 112-க்குப் போன் செய்யுங்கள்.

எப்போது டாக்டரைப் பார்க்க வேண்டும்?

மறதி நோய் மெதுவாக வளரும். திடீரென்று ஒரே நாளில், இரண்டே நாளில் குழப்பம் கூடினால் வேறு காரணம் இருக்கும். சிறுநீரில் கிருமி இருக்கலாம். காய்ச்சல் இருக்கலாம். மலச்சிக்கல், உடம்பில் நீர் குறைவது, புதிய மாத்திரை ஆகியவையும் காரணமாகலாம். அவருக்குச் சொல்லத் தெரியாது. நாம்தான் உடனே அழைத்துப் போக வேண்டும். இவற்றில் பலவற்றைக் குணமாக்க முடியும்.

இன்னும் சிலவற்றைக் கவனியுங்கள்.

மூட்டு வலி, பல் வலி இருக்கிறதா? படுக்கையில் முனகுகிறாரா?
பலமாகக் குறட்டை விட்டு, நடுவில் மூச்சு நின்று, திடுக்கிட்டு எழுகிறாரா?
கனவில் கத்தி, கை காலை வீசி அடிக்கிறாரா?
இருமலும் மூச்சுத் திணறலும் இருக்கிறதா? சுரங்கத்தில் கல் தூசியைச் சுவாசித்தவர்களுக்கு நுரையீரல் நோய் வருவது நமக்குத் தெரிந்ததே. மூச்சு முட்டினால் தூக்கம் எப்படி வரும்?

இவை ஒவ்வொன்றுக்கும் தனித்தனி வைத்தியம் உண்டு. டாக்டரிடம் மறக்காமல் சொல்லுங்கள்.

தூக்க மாத்திரை வாங்கலாமா?

கடையில் நாமாக வாங்கக் கூடாது. மறதி நோய் உள்ளவருக்குத் தூக்க மாத்திரை குழப்பத்தைக் கூட்டும். எழுந்தால் தள்ளாடுவார். விழுந்து இடுப்பு எலும்பு முறியலாம். ஜலதோஷத்துக்கும் அரிப்புக்கும் வாங்கும் சில மாத்திரைகளும் குழப்பத்தை உண்டாக்கும். முதலில் வெளிச்சம், வேலை, நேரம் மூன்றையும் சரி செய்ய வேண்டும். அதற்கு மேலும் மருந்து வேண்டுமா என்பதை டாக்டர்தான் முடிவு செய்ய வேண்டும்.

பார்த்துக்கொள்பவரும் தூங்க வேண்டும்

இதுவரை தாத்தாவின் தூக்கத்தைப் பற்றிப் பேசினோம். மருமகளின் தூக்கம் என்ன ஆனது?

இரவு 2 மணிக்கு அவள்தான் எழுகிறாள். விடியற்காலை ரயிலுக்குப் போகும் கணவனுக்குச் சோறு கட்ட 4 மணிக்கும் அவள்தான் எழுகிறாள். தலைவலி வருகிறது. பேத்தி மேல் எரிந்து விழுகிறாள். ஒரு நாள் அடுப்படியில் உட்கார்ந்து தனியாக அழுதாள்.

இதையும் ஆஷா அக்கா கேட்டார். மகனையும் உட்கார வைத்துப் பேசினார்.

“இவ விழுந்துட்டா உங்க நைனாவை யார் பார்ப்பாங்க?” என்று கேட்டார்.

மகன் யோசித்தான். அவனுக்கும் தூக்கம் வேண்டும். வேலை வேண்டும். ஆனால் வாரத்தில் 2 இரவு தன்னால் முடியும் என்றான். சனிக்கிழமை இரவும், லீவுக்கு முந்தின இரவும் அவன் முறை. உரிகத்தில் இருக்கும் தங்கை மாதத்தில் சில நாள் வந்து தங்க ஒப்புக்கொண்டாள். மதியம் தாத்தா வாசலில் இருக்கும் நேரம் பக்கத்து வீட்டுப் பாட்டி துணைக்கு இருந்தார். அந்த நேரம் மருமகள் ஒரு மணி நேரம் கண் அயர்ந்தாள்.

சுரங்கத்தில் ஒரே ஆள் மூன்று ஷிப்டும் பார்க்க முடியுமா? வீட்டிலும் முடியாது. இரவு வேலையை ஒருத்தி தலையில் மட்டும் ஏற்றக் கூடாது. ஷிப்டு போட்டுப் பிரித்துக்கொள்ள வேண்டும்.

உதவி எங்கே கிடைக்கும்?

முதலில் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்துக்கோ அரசு ஆஸ்பத்திரிக்கோ போங்கள். ஆஷா பணியாளரிடம் சொல்லுங்கள்.

கர்நாடக அரசும் பெங்களூர் நிம்ஹான்ஸ் நிறுவனமும் சேர்ந்து மூளை நலத் திட்டம் ஒன்றை 2022-இல் தொடங்கின. முதலில் தொடங்கிய மாவட்டங்களில் நம் கோலாரும் ஒன்று. கோலார் மாவட்ட ஆஸ்பத்திரியில் விசாரியுங்கள்.

பெங்களூர் நிம்ஹான்ஸில் முதியோருக்குத் தனிப் பிரிவு உண்டு.

மனம் சோர்ந்தால் 14416-க்குப் போன் செய்யலாம். இது அரசின் டெலி மானஸ் சேவை. காசு கிடையாது. தமிழிலும் பேசலாம். பார்த்துக்கொள்பவரும் பேசலாம். முதியோர் உதவிக்கு 14567 என்ற எண் இருக்கிறது.

போகும்போது நோட்டை எடுத்துப் போங்கள்.

தாத்தா இப்போது எப்படி இருக்கிறார்?

மறதி நோய் குணமாகவில்லை. குணமாக்கும் மருந்து இன்னும் வரவில்லை. ஆனால் இரவில் 4, 5 தடவை எழுந்தவர் இப்போது 1 அல்லது 2 தடவைதான் எழுகிறார். சில இரவு எழுவதே இல்லை. சில இரவு பழையபடி சங்கு கேட்கிறது. அப்போது யாரும் கத்துவதில்லை. பேத்தியும் பயப்படுவதில்லை. “தாத்தா, இன்னிக்கு உங்களுக்கு லீவு” என்கிறாள். தாத்தா சிரித்துக்கொண்டே படுக்கிறார்.

நினைவில் வைப்போம்

இரவில் எழுவது நோயின் குணம். அவருடைய குற்றம் இல்லை.
பகலில் வெளிச்சமும் வேலையும் இருந்தால் இரவில் தூக்கம் வரும்.
வாதம் வேண்டாம். என்ன தேவை என்று பாருங்கள்.
திடீர்க் குழப்பம் வந்தால் உடனே டாக்டரிடம் போங்கள்.
தூக்க மாத்திரையை நீங்களாகக் கொடுக்காதீர்கள்.
இரவு வேலையை வீட்டார் எல்லோரும் பிரித்துக்கொள்ளுங்கள்.

பதில் சொல்லுங்கள்

1. மூளையின் கடிகாரத்தைத் தினமும் சரி செய்வது எது?
2. மருமகளின் நோட்டிலிருந்து டாக்டரம்மா கண்டுபிடித்தவை என்ன?
3. தாத்தா ஏன் தொப்பியைத் தேடினார்?
4. வயதானவரை உள்ளே வைத்துப் பூட்டினால் என்ன ஆபத்து?

கூடிப் பேசுங்கள்

உங்கள் தெருவில் மறதி நோய் உள்ளவர் யாராவது இருக்கிறாரா? அவரைப் பார்த்துக்கொள்பவர் இரவில் தூங்குகிறாரா? வாரத்தில் ஒரு மணி நேரம் நீங்கள் எப்படி உதவலாம்?

எழுதிப் பாருங்கள்

உங்கள் வீட்டுப் பெரியவர் நேற்று எப்போது தூங்கினார், எப்போது எழுந்தார்? நேரத்தோடு 3 வரி எழுதுங்கள்.